புள்ளி விழுந்த ஆப்பிளும் ஒரு பாட்டில் காரச் சட்னியும்: அந்தக் கூடைக்குப் பின்னால இருக்கிற கதை!

எங்கள் தெருவுக்கு வரும் தள்ளுவண்டியில் ஆப்பிள் எப்போதும் இரண்டு இடங்களில் இருக்கும். மேலே, துணியால் துடைத்து, ஸ்டிக்கர் வெளியே தெரியும்படி அடுக்கிய பழங்கள். கீழே, தராசுக்குப் பின்னால், ஒரு பிளாஸ்டிக் கூடையில் மிச்சம். அந்தக் கூடையை யாரும் கேட்க மாட்டார்கள். போன வாரம் நான் கேட்டேன்.

"அது வேணாம் தம்பி, கறுப்பு விழுந்திருக்கு. ஜூஸ் கடைக்காரங்க வந்து எடுத்துப்பாங்க."

"சட்னி செய்யத்தாங்க்கா."

"ஆப்பிள்லயா?"

அந்தப் பார்வையை விளக்க முடியாது. ஆனாலும் எடை போட்டுக் கொடுத்தார். மேலே இருக்கும் பழம் கிலோ 200 ரூபாய். கூடையில் இருந்தது 70. "பெட்டியைப் பிரிச்சாத்தான் தம்பி உள்ள என்ன இருக்குன்னு தெரியும். கீழ இருக்கிறதோட நஷ்டத்தை மேல இருக்கிறதுதானே கட்டணும்" என்றார். நான் இந்தக் கட்டுரைக்காகப் படித்ததை எல்லாம் அக்கா ஒரே வரியில் முடித்துவிட்டார்.

ரீல்ஸில் கொஞ்ச நாளாக எனக்கு இந்த 'ஸ்பைஸ்டு ஆப்பிள் சட்னி' வந்துகொண்டே இருக்கிறது. மரக் கரண்டி, மெல்லிய பியானோ இசை, ஜன்னல் ஓரத்தில் கண்ணாடி பாட்டில். எல்லாவற்றிலும் ஒரு விஷயம் பொது: பளபளவென்று, குறையே இல்லாத ஆப்பிளை நறுக்குவார்கள். 200 ரூபாய் ஆப்பிளை ஏன்ப்பா ஒரு மணி நேரம் வினிகரில் வேகவைக்கிறீங்க? இந்தச் சட்னி பிறந்ததே, அழகா இல்லாத ஆப்பிளை என்ன செய்வது என்ற கேள்வியில்தான்.

நம்ம வார்த்தை, அவங்க பாட்டில்

'சட்னி' என்ற சொல் இந்தியில் நக்குவதைக் குறிக்கும் சொல்லில் இருந்து வந்தது. நமக்குச் சட்னி என்றால் காலையில் அரைத்து மதியத்துக்குள் முடிப்பது. தேங்காய்ச் சட்னி சாயங்காலம் வரை தாங்கினாலே பெரிய விஷயம். ஆங்கிலேயர்கள் இந்தியாவில் இருந்து இந்தச் சொல்லை எடுத்துக்கொண்டு போனபோது, பொருளை மாற்றிவிட்டார்கள். அவர்களிடம் மாங்காய் இல்லை. ஆனால், இலையுதிர்காலத்தில் தோட்டம் முழுக்க உதிர்ந்து கிடக்கும் ஆப்பிள் இருந்தது. அடிபட்டது, புழு தொட்டது, பாதி பழுத்தது என எதுவும் குளிர்காலம் வரை தாங்காது. அதை வெங்காயம், சர்க்கரை, வினிகர், இஞ்சி போட்டுக் கெட்டியாகக் கிளறி பாட்டிலில் அடைத்தால் மாதக்கணக்கில் நிற்கும். அதுதான் இன்று உலகம் 'ஆப்பிள் சட்னி' என்று அழைப்பது.

செய்முறையை போனில் அம்மாவிடம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "இது சட்னி இல்லடா, தொக்கு. எண்ணெய்க்குப் பதிலா வினிகர், அவ்ளோதான்" என்றார். அம்மா சொன்னதுதான் சரி. மாங்காய்த் தொக்கு எந்த லாஜிக்கில் கெடாமல் இருக்கிறதோ அதே லாஜிக்தான்: தண்ணீர் வற்ற வேண்டும், புளிப்பு ஏற வேண்டும், உப்பும் இனிப்பும் துணைக்கு நிற்க வேண்டும்.

ஆப்பிளில் காரமா என்று முகம் சுளிப்பவர்களுக்கு ஒரு தகவல். ஆப்பிள் விளையும் காஷ்மீரிலேயே அதைக் காரமாகச் சமைப்பது பழைய பழக்கம். புளிப்பான ஆப்பிளையும் கத்தரிக்காயையும் மிளகாய்த்தூள், சோம்புத்தூள், சுக்குத்தூள் போட்டுச் செய்யும் 'சூந்த் வாங்குன்' காஷ்மீரி பண்டிட் வீடுகளின் வழக்கமான சமையல். குளிர்காலத்துக்கு ஆப்பிளை வில்லை வில்லையாக வெட்டி, வெயிலில் காயவைத்து எடுத்து வைப்பதும் அங்கே உண்டு. நம்ம ஊர் வத்தல் மாதிரிதான்.

கிலோ 12 ரூபாய்

இப்போது அந்தக் கூடைக்கு வருவோம். புள்ளி விழுந்த ஆப்பிள், தோட்டத்திலேயே என்ன விலைக்குப் போகிறது?

இமாச்சலப் பிரதேசத்தில் இதற்கு அரசு விலையே இருக்கிறது. சந்தை தலையீட்டுத் திட்டத்தின் கீழ், சந்தையில் போகாத 'சி' கிரேடு ஆப்பிளை மாநில அரசு கிலோ 12 ரூபாய்க்கு வாங்குகிறது. 2023-ல் இருந்து இதுதான் ரேட். அளவில் சின்னது, ஆலங்கட்டி மழை அடித்துத் தழும்பு விழுந்தது, நிறம் ஏறாதது, 'ஸ்கேப்' என்ற பூஞ்சை நோயால் தோலில் கறுப்புப் புள்ளி வந்தது என எல்லாம் இந்தக் கிரேடில்தான் சேரும். இதில் பெரும்பாலானவை தோலோடு நின்றுபோகிற குறைகள். ஸ்கேப் புள்ளி இருக்கும் ஆப்பிளை அந்த இடத்தில் தோலைச் சீவிவிட்டுச் சாப்பிடலாம், உடம்புக்கு ஒன்றும் ஆகாது. ஆனால், மண்டியில் அந்தப் பழத்தின் கதை முடிந்தது.

அந்த 12 ரூபாயும் சும்மா கிடைத்துவிடவில்லை. முன்பு இந்தத் திட்டத்தில் வரும் நஷ்டத்தில் பாதியை மத்திய அரசு ஏற்றுக்கொண்டது. 2022-23 பட்ஜெட்டில் விலை ஆதரவுத் திட்டத்தையும் சேர்த்து இதற்கு ஒதுக்கியது 1,500 கோடி ரூபாய். 2023-24-ல் ஒதுக்கியது 1 லட்சம் ரூபாய். அச்சுப்பிழை இல்லை, கோடி கிடையாது, லட்சம்தான். பெயருக்கு ஒரு வரியை உயிரோடு வைத்திருந்தார்கள். சுமை மாநிலத்தின் தலையில் விழுந்தது. விவசாயிக்குப் பணம் கைக்கு வரத் தாமதம் என்ற புகாரும் கூடவே வந்தது.

வாங்கிய ஆப்பிளை என்ன செய்கிறார்கள்? ஹெச்.பி.எம்.சி என்ற மாநில அரசின் தோட்டக்கலை நிறுவனம் பர்வானூ, பராலா போன்ற இடங்களில் ஆலை வைத்து அதை அடர் சாறாக மாற்றுகிறது. ஜூஸ், ஜாம் எல்லாம் அதிலிருந்துதான். கொள்முதல் மையத்துக்கும் ஆலைக்கும் நடுவில் மலைச்சாலை இருக்கிறது. 2025 மழைக்காலத்தில் அந்தச் சாலைகள் திரும்பத் திரும்ப நிலச்சரிவில் அடைபட்டன. ஆப்பிள் சாலை திறக்கும்வரை காத்திருக்காது.

ஒரு சாலை உடைந்தபோது

இமாச்சலத்தைவிடப் பெரிய கதை காஷ்மீருடையது. நாட்டின் ஆப்பிளில் முக்கால் பங்கு, ஆண்டுக்குச் சுமார் 20 லட்சம் டன், அங்கிருந்துதான் வருகிறது. அதில் பெரும்பகுதி வெளியே வருவது ஒரே ஒரு சாலை வழியாக. அது தேசிய நெடுஞ்சாலை 44.

இந்த எண் எங்கேயோ பார்த்த மாதிரி இருக்கிறதா? ஓசூர், சேலம், நாமக்கல், மதுரை, திருநெல்வேலி வழியாகக் கன்னியாகுமரியில் முடிகிறதே, அதே ரோடுதான். நாம் சேலத்தில் டீ குடிக்க நிறுத்துகிற அந்த நெடுஞ்சாலையின் மறுமுனை ஸ்ரீநகரில் இருக்கிறது.

2025 ஆகஸ்ட் கடைசியில் கொட்டிய மழையில், உதம்பூர் மாவட்டத்தில் இந்தச் சாலையின் ஒரு பகுதி மலைச்சரிவோடு போய்விட்டது. சாலை பல நாள்கள் மூடிக்கிடந்தது. திறந்தாலும் சின்ன வண்டிகளுக்கு முதலில் வழி, ஆப்பிள் லாரிக்குக் கடைசியில். ஆயிரக்கணக்கான லாரிகள் வழியில் நின்றன. செப்டம்பர் என்றால் காஷ்மீரில் அறுவடை உச்சம். ஒரு பக்கம் மரத்தில் இருந்து பழம் இறங்கிக்கொண்டே இருக்கிறது, மறுபக்கம் லாரிக்குள் இருக்கும் பழம் அழுகிக்கொண்டிருக்கிறது. அழுகிய பழத்தை ஓட்டுநர்கள் சாலையோரம் கொட்டும் வீடியோக்கள் அப்போது வந்தன. நீங்களும் ஒன்றிரண்டு பார்த்துவிட்டு ஸ்க்ரோல் செய்திருப்பீர்கள். நானும்தான்.

செப்டம்பர் 15, 16 தேதிகளில் சோப்பூர் உட்பட காஷ்மீரின் பழ மண்டிகள் கடையடைப்பு செய்தன. மாற்று வழியான முகல் சாலையில் லாரிகளை விட்டார்கள். அதே நேரத்தில்தான் பட்காமில் இருந்து டெல்லி ஆதர்ஷ் நகருக்கு தினசரி பார்சல் ரயிலும் ஓடத் தொடங்கியது. செனாப் பாலம் திறந்து ரயில் பாதை முழுமையானது அதே ஆண்டு ஜூன் 6-ம் தேதி. மூன்று மாதம் தள்ளி அந்தப் பாலத்தின் மீது ஆப்பிள் போனது நல்ல விஷயம். ஆனால், லட்சக்கணக்கான டன் நகர வேண்டிய சீசனில் சில பெட்டிகள் கொண்ட ரயில், உடைந்த சாலைக்கு ஈடாகாது.

இப்போது நம்ம தெருவுக்கு வரும் காஷ்மீர் ஆப்பிள் பெரும்பாலும் அந்த சீசனில் பறித்ததுதான். ஆறு மாதப் பழமா என்று அதிர்ச்சியாக வேண்டாம். 'சி.ஏ ஸ்டோர்' எனப்படும் குளிர்கிடங்கில், 0 டிகிரிக்கு அருகே, காற்றில் 21 சதவிகிதம் இருக்கும் ஆக்சிஜனை 2, 3 சதவிகிதத்துக்குக் குறைத்து ஆப்பிளைத் தூங்க வைப்பார்கள். மூச்சு மெதுவாகும், பழுப்பதும் மெதுவாகும். புல்வாமாவின் லஸ்ஸிபோராவில் இப்படிக் கிடங்குகள் வரிசையாக இருக்கின்றன. ஒரே சிக்கல், வாடகை கொடுத்து வைப்பதால் நல்ல பழத்தைத்தான் வைப்பார்கள். புள்ளி விழுந்ததற்கு அந்தத் தூக்கம் கிடையாது. அது அறுவடை நேரத்திலேயே, கிடைத்த விலைக்கு, எல்லோரும் விற்கும் அதே வாரத்தில் போயாக வேண்டும்.

அழகுக்கு வைத்த விலை

நமக்கு ஆப்பிள் என்றாலே ஏன் சிவப்பு? காரணம் ஒரு அமெரிக்கர். பிலடெல்பியாவில் இருந்து 1904-ல் இந்தியா வந்த சாமுவேல் எவன்ஸ் ஸ்டோக்ஸ், 1916-ல் சிம்லா மலைகளில் உள்ள கோட்கரில் 'ரெட் டெலிஷியஸ்' கன்றுகளை நட்டார். அதுவரை மலையில் இருந்த ஆங்கிலேய ரகங்கள் புளிப்பானவை. இது இனிப்பு, ஆழ்ந்த சிவப்பு, தடித்த தோல், தூரப் பயணம் தாங்கும். இமாச்சலத்தின் பொருளாதாரமே மாறியது. ஸ்டோக்ஸ் பின்னாளில் சத்யானந்த் என்று பெயர் மாற்றிக்கொண்டதும், சுதந்திரப் போராட்டத்தில் சிறை சென்றதும் தனிப் படமே எடுக்கலாம்.

ஆனால், அந்த ஒரு ரகம் நம் கண்ணைப் பழக்கிவிட்டது. அமெரிக்காவில் ரெட் டெலிஷியஸை நிறத்துக்காகவே தேர்ந்தெடுத்துத் தேர்ந்தெடுத்து வளர்த்து, கடைசியில் சுவை போச்சு என்று மக்களே கைவிட்டார்கள். 2018-ல் 'காலா' ரகம் அதை முந்தியது. நம் ஊரில் இன்னும் சிவப்பு, பளபளப்பு, ஸ்டிக்கர்தான் தரத்தின் அடையாளம். ஸ்டிக்கர் என்பது எந்த கம்பெனி, எந்த ரகம் என்று சொல்லும் துண்டுக் காகிதம், அவ்வளவுதான். அது தரச் சான்றிதழ் கிடையாது.

இந்த அழகுப் போட்டியில் வெளிநாட்டுப் பழமும் இருக்கிறது. இங்கேதான் செய்தித்தாளில் வரும் வர்த்தக ஒப்பந்தம் நம் பழவண்டியைத் தொடுகிறது. இந்தியாவில் ஆப்பிள் இறக்குமதி வரி 50 சதவிகிதம். அமெரிக்க ஆப்பிளுக்கு மட்டும் 2019-ல் கூடுதலாக 20 சதவிகிதம் போட்டார்கள், 2023 செப்டம்பரில் அதை எடுத்துவிட்டார்கள். 2023 மே மாதம் இன்னொரு வேலி: இறங்கும் விலை கிலோ 50 ரூபாய்க்குக் கீழே இருந்தால் இறக்குமதியே கூடாது, பூட்டானுக்கு மட்டும் விலக்கு. ஈரான், துருக்கியில் இருந்து மலிவாக வந்து குவிகிறது என்ற இமாச்சல், காஷ்மீர் விவசாயிகளின் புகாருக்குப் பதில் அது. 2025 மே மாதம் துருக்கி பாகிஸ்தானுக்கு ஆதரவாகப் பேசியதால், புனே வியாபாரிகள் துருக்கி ஆப்பிளையே புறக்கணித்தார்கள். ஒரு பழம் இவ்வளவு அரசியல் பேசும்!

அடுத்து 2025 டிசம்பர் 22. நியூசிலாந்துடன் தடையற்ற வர்த்தக ஒப்பந்தப் பேச்சு முடிந்ததாக அறிவிப்பு. அதில், குறிப்பிட்ட அளவுக்குள் வரும் நியூசிலாந்து ஆப்பிளுக்கு வரி 50-ல் இருந்து 25 சதவிகிதமாகிறது. கூடவே குறைந்தபட்ச இறக்குமதி விலையும் உண்டு. மலிவு ஆப்பிள் வராது, விலை கூடிய ஆப்பிள்தான் வரும், அதனால் நம் விவசாயிக்குப் பாதிப்பு இல்லை என்பது அரசு தரப்பு வாதம். இமாச்சல் விவசாயிகளுக்கு இது போதவில்லை. அவர்கள் பயத்தில் அர்த்தம் இருக்கிறது என்றே நினைக்கிறேன். வெளிநாட்டு ஆப்பிள் போட்டி போடப்போவது கிலோ 12 ரூபாய் பழத்தோடு இல்லை. அவர்களுக்கு லாபம் தரும் அந்த மேல்தட்டுப் பழத்தோடுதான். மேலே இருப்பதன் விலை இறங்கினால், கீழே இருப்பதன் நஷ்டத்தை யார் கட்டுவது? வண்டிக்கார அக்காவின் கணக்குதான் மறுபடியும்.

சரி, அடுப்பைப் பத்த வைப்போம்

முதலில் பொறுக்குதல். பழுப்பு நிறத்தில் அடிபட்ட இடம், தோலில் தழும்பு, சுருக்கம், மாவாகிப் போன ஆப்பிள் எல்லாம் ஓகே. சொல்லப்போனால் கடித்தால் மாவு மாதிரி இருக்கும் ஆப்பிள்தான் சட்னிக்கு சீக்கிரம் கரையும். ஆனால், பூஞ்சை பூத்திருந்தாலோ, விரல் உள்ளே போகிற மாதிரி ஈரமாக அழுகியிருந்தாலோ மொத்தப் பழத்தையும் குப்பையில் போடுங்கள். அந்த இடத்தை மட்டும் வெட்டினால் போதாது. ஆப்பிள் பூஞ்சை உண்டாக்கும் 'பட்டுலின்' என்ற நச்சு, வேகவைத்தாலும் முழுசாகப் போகாது. மிச்சம் பிடிக்கிறோம் என்று வயிற்றைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம்.

நான் எடுத்தது கழிவு போக ஒரு கிலோ. வெதுவெதுப்பான நீரில் தேய்த்துக் கழுவினேன், மேலே மெழுகுப் பூச்சு இருக்கலாம். பாதிப் பழத்தைத் தோல் சீவினேன், மீதியைத் தோலோடு நறுக்கினேன். தோலில் இருக்கும் பெக்டின்தான் சட்னியைக் கெட்டியாக்கும், அதனால் முழுசாகச் சீவாதீர்கள்.

இதோடு பொடியாக நறுக்கிய பெரிய வெங்காயம் இரண்டு, துருவிய இஞ்சி 30 கிராம், பூண்டு ஆறு பல், நாட்டுச்சர்க்கரை 200 கிராம், உலர்திராட்சை ஒரு கைப்பிடி, உப்பு ஒன்றரை டீஸ்பூன், வினிகர் 200 மில்லி. கடுகு, சோம்பு, கொஞ்சம் வெந்தயம், ஒரு துண்டு பட்டை, நான்கு கிராம்பு ஆகியவற்றை வறுத்து ஒன்றிரண்டாகப் பொடித்தேன். காய்ந்த மிளகாய் எட்டு. முதல் தடவை நான்குதான் போட்டேன், ஜாம் மாதிரி இருந்தது.

வினிகர்தான் இங்கே ஹீரோ. நம் கையில் கிடைக்கும் சிவப்பு ஆப்பிளில் இனிப்பு அதிகம், புளிப்பு குறைவு. இங்கிலாந்தில் சட்னிக்கு எடுக்கும் 'ப்ராம்லி' ரகம் பச்சையாகக் கடிக்க முடியாத புளிப்பு. அதனால் வெளிநாட்டு ரெசிப்பியை அப்படியே செய்தால் நமக்குத் திகட்டும். சர்க்கரையை நான் பாதியாகக் குறைத்தது இதனால்தான். ஆனால், வினிகரைக் குறைக்காதீர்கள். வெங்காயம், பூண்டு மாதிரி புளிப்பில்லாத பொருள்கள் சேரும்போது, கெடாமல் காப்பது அந்த அமிலம்தான். லேபிளில் அசிட்டிக் அமிலம் 4 அல்லது 5 சதவிகிதம் என்று இருக்கிறதா என்று பாருங்கள். வினிகர் வாசனை பிடிக்காது, புளிதான் ஊற்றுவேன் என்றால் தாராளமாக ஊற்றலாம், ருசி பிரமாதம். ஆனால், புளிக்கரைசலின் அமிலம் எவ்வளவு என்று நம்மால் அளக்க முடியாது. ஃப்ரிட்ஜில் வைத்து ஒரு வாரத்தில் காலி செய்துவிட வேண்டும்.

எல்லாவற்றையும் ஒன்றாக எவர்சில்வர் பாத்திரத்தில் போட்டு அடுப்பில் ஏற்றினேன். அலுமினியம், ஈயம் பூசாத பித்தளை, செம்பு வேண்டவே வேண்டாம், புளிப்பு உலோகத்தை இழுக்கும். கொதி வந்ததும் தீயைக் குறைத்து, மூடாமல் 50 நிமிடம். முதல் அரை மணி நேரம் நீங்கள் பாட்டுக்கு வேறு வேலை பார்க்கலாம். கடைசி 15 நிமிடம் நகரக் கூடாது, சர்க்கரை அடிப்பிடிக்கும். ஜன்னலைத் திறந்து வையுங்கள். வினிகர் ஆவி கண்ணில் இறங்கி, என் ரூம்மேட் வெளியே போய் டீ குடித்துவிட்டு வந்தான்.

பதம்? கரண்டியால் பாத்திரத்தின் அடியில் ஒரு கோடு இழுங்கள். கோட்டுக்குள் தண்ணீர் ஓடி வந்து நிரம்பினால் இன்னும் நேரம் இருக்கிறது. இரண்டு, மூன்று விநாடி கோடு அப்படியே நின்றால் இறக்கிவிடலாம். ஆறினால் இன்னும் கெட்டிப்படும்.

கண்ணாடி பாட்டிலை 10 நிமிடம் கொதிநீரில் போட்டு எடுத்து, ஈரமில்லாமல் உலர்த்தி, சூடாக இருக்கும்போதே நிரப்ப வேண்டும். மூடியின் உள்பக்கம் பிளாஸ்டிக் பூச்சு இருக்கட்டும், வெறும் தகரம் என்றால் வினிகர் அரித்துவிடும். ரீல்ஸில் இதை ஜன்னலோரம் வைத்து அழகு பார்க்கிறார்கள். நான் சொன்ன அளவில் சர்க்கரையும் வினிகரும் குறைவு, நம்ம ஊர் வெயிலும் அப்படி. அதனால் ஃப்ரிட்ஜ்தான். காய்ந்த கரண்டியால் எடுத்தால் ஒரு மாதம் தாங்கும். செய்த அன்றைக்கு ருசி பார்த்துவிட்டு என்னைத் திட்டாதீர்கள், வினிகர் தூக்கலாக இருக்கும். பத்து நாள் பொறுத்தால் அடங்கி, மசாலா மேலே வரும். தோசைக்குச் சுமார்தான். சப்பாத்தி, சீஸ் சாண்ட்விச், தயிர் சாதம் மூன்றுக்கும் செம!

நான் விவசாயியைக் காப்பாற்றவில்லை

இதையெல்லாம் செய்துவிட்டு, 'அழகில்லாத பழத்தை வாங்கி விவசாயிக்குத் தோள் கொடுத்தேன்' என்று ஒரு ஸ்டோரி போடலாம் என்றுதான் முதலில் இருந்தேன். யோசித்தால் அது பொய்.

நான் வாங்கிய கூடையில் இருந்தது இமாச்சலத்தின் 'சி' கிரேடு பழம் இல்லை. அது இவ்வளவு தூரம் வருவதே இல்லை. 12 ரூபாய்ப் பழத்துக்கு அட்டைப்பெட்டி, லாரி வாடகை, கமிஷன், கூலி எல்லாம் போட்டுச் சென்னைக்குக் கொண்டுவந்தால், பழத்தின் விலையைவிடப் பயணத்தின் விலை அதிகம். கூடையில் இருந்தது, நல்ல கிரேடாகக் கிளம்பி, சுமார் 3,000 கிலோமீட்டரில் எங்கேயோ அடிபட்ட பழம். நான் கொடுத்த 70 ரூபாய் காப்பாற்றியது அக்காவின் ஒரு நாள் நஷ்டத்தில் ஒரு துண்டை. அது சின்ன விஷயம் இல்லை. ஆனால், கோட்கருக்கோ சோப்பூருக்கோ அந்தப் பணம் போகாது.

அங்கே போக வேண்டும் என்றால், பழம் பாட்டிலாக மாறிய பிறகு மலையில் இருந்து இறங்க வேண்டும். பாட்டிலுக்கு அவசரம் இல்லை. நெடுஞ்சாலை மூன்று வாரம் மூடினால் மூன்று வாரம் காத்திருக்கும். அதற்குத் தோட்டங்களுக்குப் பக்கத்திலேயே சின்னச் சின்ன ஆலைகள் வேண்டும், வாங்க ஆளும் வேண்டும். 2025 செப்டம்பர் 22-ல் இருந்து ஜாம், பழச்சாறு பானங்கள் மீதான ஜி.எஸ்.டி 12-ல் இருந்து 5 சதவிகிதமாகக் குறைந்தது இந்த வகையில் ஒரு உதவி. ஆனால், வரி குறைந்தால் மட்டும் ஆலை முளைக்காது. 20 லட்சம் டன் விளைகிற இடத்தில், அடிபட்ட பழத்துக்கு என்ன வழி என்பதை ஒவ்வொரு செப்டம்பரிலும் புதிதாகக் கண்டுபிடிக்கிற மாதிரியே நடந்துகொள்கிறோம். இங்கிலாந்துக் குடும்பங்கள் சமையலறையில் தீர்த்த பிரச்னை இது. நம்மிடம் சமையலறையும் இருக்கிறது, ஊறுகாயில் கரைகண்ட கைகளும் இருக்கின்றன. நடுவில் இருக்க வேண்டிய ஆலை, சாலை, கிடங்குதான் இல்லை.

நம் பக்கம் ஒரு வேலை உண்டு என்றால், அது பாட்டில் வாங்கும்போதுதான். ஆப்பிள் ஜூஸோ ஜாமோ எடுத்தால் பின்பக்கம் திருப்பி, எங்கே தயாரானது, ஆப்பிள் எத்தனை சதவிகிதம் என்று பாருங்கள். சில பாட்டில்களில் சர்க்கரைதான் முதல் பெயர், ஆப்பிள் எங்கோ கீழே இருக்கும்.

எனக்கு ஒரு கிலோவில் மூன்று சின்ன பாட்டில் வந்தது. ஒன்று அம்மாவுக்கு ஊருக்குப் போகிறது. ஒன்று ஃப்ரிட்ஜில், மேலே தேதி எழுதி ஒட்டியிருக்கிறேன். மூன்றாவதை நேற்று வண்டிக்கார அக்காவிடம் கொடுத்தேன். அங்கேயே மூடியைத் திறந்து, விரல் நுனியில் தொட்டு வாயில் வைத்தார்.

"காரம் பத்தல தம்பி" என்றார். பிறகு, கூடையில் இருந்து நாலு பழத்தைப் பொறுக்கித் தனியாக வைத்துவிட்டு, வினிகர் எந்தக் கடையில் கிடைக்கும் என்று கேட்டார்.